கிழிந்த ஜவ்வும் பழைய வினையும்

திண்டுக்கல்லிலிருந்து திருச்சி போகும் நான்குவழிச் சாலையில் அய்யலூரைக் கடக்கும் லாரிகள் பலவும் வண்டிக் கருப்பணசாமி கோயில் முன்னால் ஒரு நிமிடமாவது நிற்கும். டிரைவர் இறங்குவார், சூடம் காட்டுவார், திருநீறு பூசிக்கொண்டு எலுமிச்சம்பழத்தைச் சக்கரத்துக்கு அடியில் வைத்து நசுக்கிவிட்டுப் புறப்படுவார். புது வண்டி எடுத்தவர்கள் கிடா வெட்டுவதும் உண்டு. கிடாய்க்கு எங்கும் அலைய வேண்டியதில்லை, வியாழக்கிழமை ஆட்டுச்சந்தை அதே ஊரில்தான். சாமி கும்பிட்ட கையோடு டயரைத் தட்டிப் பார்ப்பதும், கயிறு தளர்ந்திருக்கிறதா என்று தார்ப்பாயை இழுத்துப் பார்ப்பதும் இங்கே வழக்கம். கருப்பன் காவலுக்கு இருக்கிறான் என்று நம்பி யாரும் காற்று இறங்கிய டயரோடு கிளம்புவதில்லை. டயர் சரியாக இருக்கிறது என்பதற்காகக் கருப்பனைக் கும்பிடாமல் போவதுமில்லை. பயணத்துக்கு முன்னால் நம் மக்களின் சமயம் இவ்வளவு தெளிவாகத்தான் இருக்கிறது. விபத்து நடந்த பிறகுதான் பேச்சு தடம் மாறுகிறது. அதுவரை டயர், பிரேக், தூக்கம், பாரம் என்று பேசிய வாய்கள் ‘விதி’ என்ற ஒற்றைச் சொல்லோடு முடித்துக்கொள்கின்றன.

விளையாட்டு மைதானத்திலும் இதே கதைதான். பந்தோடு ஓடிக்கொண்டிருந்த பையன் திரும்பும்போது கால் மடங்கி விழுகிறான். ஸ்கேன் எடுத்தால் ‘ஜவ்வு கிழிஞ்சிருச்சு’ என்கிறார்கள். அவன் வீட்டுக்கு வருகிறவர்கள் ஆளுக்கொரு காரணத்தைக் கையில் கொண்டுவருகிறார்கள். ஒருவர் கண்ணு பட்டிருச்சு என்பார், இன்னொருவர் ஏழரை நடக்குது என்பார். கொஞ்சம் வயதானவர் குரலைத் தாழ்த்தி, போன ஜென்மத்தில் யாருடைய காலை ஒடித்தானோ என்பார். இவர்கள் கெட்டவர்கள் இல்லை, ஆறுதல் சொல்லத்தான் வருகிறார்கள். ஆனால் கட்டிலில் கிடப்பவன் காதில் அது தீர்ப்பாக விழுகிறது. ஊழ் என்ற கருத்து உண்மையா பொய்யா என்பது பெரிய வழக்கு. அதை இந்தக் கட்டுரை தீர்க்கப் போவதில்லை. அந்தச் சொல்லை யார் யாரைப் பார்த்துச் சொல்லலாம் என்பது அதைவிடச் சிறிய கேள்வி, அன்றாடம் தேவைப்படுகிற கேள்வியும்கூட. பட்டவன் தன்னைப் பற்றிச் சொல்லும்போது ‘விதி’ ஒரு பொருள் தருகிறது; பக்கத்தில் நிற்பவன் பட்டவனைப் பார்த்துச் சொல்லும்போது அதே சொல் வேறு வேலை செய்கிறது. நம் சமய மரபின் கூர்மையான பகுதிகள் இந்த வேறுபாட்டை அறிந்தே இருந்தன, நம் பேச்சுவழக்குதான் அதைத் தொலைத்துவிட்டது என்பது என் வாதம்.

சென்னையின் எஃப்.சி. கால்பந்து அணியின் ரசிகர்களுக்கு ஜெஜே லால்பெக்லுவாவை அறிமுகப்படுத்த வேண்டியதில்லை. மிசோரமின் நாத்தியாலில் 1991-இல் பிறந்தவர். 2015-இலும் 2017-18 சீசனிலும் சென்னை ஐ.எஸ்.எல். கோப்பை வென்ற அணிகளில் முன்கள வீரர். இந்தியாவுக்காக 23 கோல் அடித்தவர். 2019 ஜனவரி 6 அன்று அபுதாபியில், ஆசியக் கோப்பையில், தாய்லாந்தை இந்தியா 4-1 என்று வென்றபோது மாற்று ஆட்டக்காரராக இறங்கி நான்காவது கோலைப் போட்டவர் இவர்தான். மறுநாள் அவருக்கு 28 வயது. இந்தியாவுக்காக அவர் அடித்த கடைசி கோல் அதுவே. அந்த ஆண்டே முழங்காலில் அறுவைச் சிகிச்சை நடந்தது. அடுத்த ஐ.எஸ்.எல். சீசன் முழுக்க ஆட முடியவில்லை. ஈஸ்ட் பெங்காலுக்குப் போய் ஆடிப் பார்த்தார், பழைய ஜெஜே திரும்பவில்லை. நம் கடற்கரையிலிருந்து போன மைக்கேல் சூசைராஜுக்கு நேர்ந்தது இன்னும் திடுதிப்பென்று. கன்னியாகுமரி மாவட்டம் இரவிபுத்தன்துறைக்காரர். 2020 நவம்பர் 20 அன்று, கொரோனா காரணமாக ஆளே இல்லாத கோவா பாம்போலிம் அரங்கில், ஐ.எஸ்.எல். சீசனின் முதல் போட்டியில், கேரளா பிளாஸ்டர்ஸுக்கு எதிராக ஏ.டி.கே. மோகன் பகான் அணிக்கு ஆட இறங்கினார். 14-வது நிமிடத்தில் முழங்காலைப் பிடித்துக்கொண்டு வெளியே போனார். அவருக்கு அந்தச் சீசன் அந்த 14 நிமிடம்தான். அப்போது வயது 26.

முழங்காலுக்குள் தொடையெலும்பையும் கீழ்க்கால் எலும்பையும் குறுக்காகக் கட்டிவைத்திருக்கும் ஜவ்வு என்ற அந்த நாரின் நீளம் ஏறத்தாழ மூன்று சென்டிமீட்டர். ஓடும்போது அதற்குப் பெரிய வேலை இல்லை. வேகமாக வந்து சட்டென்று நிற்கும்போதும், பாதம் தரையில் ஊன்றியிருக்க உடம்பு மட்டும் திரும்பும்போதும்தான் பெரும் சுமை அதன்மேல் இறங்குகிறது. அறுந்தால் ‘டப்’ என்று உள்ளே ஒரு சத்தம் கேட்டதாகப் பலர் சொல்வதுண்டு. யாரும் மோதாமல், தானாகத் திரும்பும்போது கிழிவதுதான் அதிகம். ‘யாருமே தொடவில்லையே, எப்படி?’ என்ற திகைப்புக்கு அதுதான் காரணம். மோதினவன் இருந்தால் அவனைத் திட்டலாம். மோதினவன் இல்லாத இடத்தில் காலியாகக் கிடக்கும் நாற்காலியில் விதியைக் கொண்டுவந்து உட்கார்த்துகிறோம்.

இனி மரபு என்ன சொல்கிறது என்று பார்க்கலாம். சைவ சித்தாந்தம் வினையை மூன்றாகப் பிரிக்கும்: சேர்த்து வைத்த சஞ்சிதம், இப்பிறவியில் நுகர வந்த பிராரத்தம், இப்போது செய்து புதிதாக ஏற்றிக்கொள்ளும் ஆகாமியம். வினை வெறும் சடம், தானாக நடந்துவந்து யாரையும் பற்றாது, அதைக் கூட்டுவிப்பவன் இறைவன் என்பது அதன் துணிபு. ஏன் கூட்டுகிறான்? பழிவாங்க அன்று, பக்குவப்படுத்த. சிவஞான சித்தியாரில் அருணந்தி சிவாச்சாரியார் இதைக் கத்தி வைத்து நோய் தீர்க்கும் வைத்தியரோடு ஒப்பிடுகிறார். இந்த உவமையை எதிர்த்திசையில் படித்துப் பாருங்கள்: வைத்தியர் கீறும்போது வராந்தாவில் நிற்கிற உறவினர், ‘உனக்கு இது வேண்டும்’ என்று நோயாளியைப் பார்த்துச் சொல்லலாமா? கோட்பாட்டை முழுதாக ஏற்றாலும் அந்தப் பேச்சுக்கு அதில் இடம் கிடையாது. பௌத்தம் இன்னும் வெளிப்படை. சம்யுத்த நிகாயத்தில் மோலிய சீவகன் என்ற துறவி, மனிதன் படும் துன்பமெல்லாம் முன்வினையின் பயன் என்கிறார்களே என்று புத்தரிடம் கேட்கிறார். பித்தம், கபம், வாதம், மூன்றின் கலப்பு, பருவ மாற்றம், உடம்பைச் சரியாகப் பேணாமை, வெளியிலிருந்து வரும் தாக்குதல், கடைசியாக வினைப்பயன் என்று எட்டு மூலங்களைப் புத்தர் எண்ணுகிறார். எட்டில் ஒன்றுதான் கர்மம்! எல்லாவற்றையும் முன்வினையில் தள்ளுகிறவர்கள் உலகம் அறிந்ததையும் தாண்டிப் பேசுகிறார்கள் என்பது அவர் முடிவு. திண்டுக்கல் சுற்றுவட்டாரத்து மாதா கோயில்களில் வாசிக்கப்படும் யோவான் நற்செய்தியின் 9-ஆம் அதிகாரத்திலும் இதே கேள்வி வருகிறது. பிறவிக் குருடனைக் காட்டி, பாவம் செய்தது இவனா இவனைப் பெற்றவர்களா என்று சீடர்கள் கேட்கிறார்கள். இருவரும் இல்லை என்கிறார் இயேசு.

வள்ளுவரிடம் வந்தால் சிக்கல் சுவையாகிறது. 38-ஆம் அதிகாரத்தில் ஊழைவிட வலியது எது என்று கேட்டவர், 62-ஆம் அதிகாரத்தில், சலிக்காமல் உழைப்பவன் ஊழையும் புறமுதுகு காட்ட வைப்பான் என்கிறார். முரண் என்று சொல்லி நகர்ந்துவிடலாம்தான். ஆனால் யாரிடம் பேசுகிறார் என்று பார்த்தால் முரண் தளர்கிறது. ஊழ் அதிகாரம் பெரும்பாலும், வந்ததையும் போனதையும் நினைத்து உட்கார்ந்திருப்பவனிடம் பேசுகிறது. நல்லது வந்தபோது துள்ளினாயே, கெட்டதற்கு மட்டும் ஏன் புலம்புகிறாய் என்று அவனையே கேட்கிறது. ஆள்வினையுடைமை, செய்ய வேண்டிய வேலை முன்னால் கிடப்பவனிடம் பேசுகிறது. அந்த அதிகாரத்திலேயே இன்னொரு குறள் இருக்கிறது: ‘பொறி’ இல்லாதது யாருக்கும் பழி ஆகாது, அறிய வேண்டியதை அறிந்து முயலாததுதான் பழி என்பது அதன் கருத்து. பொறி என்பதற்குப் பரிமேலழகர் விதி என்று பொருள் கொண்டார். உடலுறுப்பு என்று உரை எழுதியவர்களும் உண்டு. புலவர்களுக்கு இது உரை வேறுபாடு. முழங்கால் போன ஆட்டக்காரனுக்கு இரண்டு பொருளும் ஒரே இடத்தில், கால் மூட்டில், வந்து சேர்ந்துவிடுகின்றன. எந்த உரையை எடுத்தாலும் அவன்மேல் பழியில்லை.

37-ஆம் குறள் இன்னும் நெருங்கி வருகிறது. பல்லக்கைச் சுமப்பவனையும் அதில் ஏறிப்போகிறவனையும் காட்டி அறத்தைப் பற்றிப் பேசும் குறள் அது. அறத்தின் பயனை நூல்களைக் கொண்டு நிறுவ வேண்டியதில்லை, இந்த இருவரையும் பார்த்தாலே விளங்கும் என்பது பரிமேலழகர் வழி. ‘இதுதான் அறத்தின் பயன்’ என்று அந்த இருவரைக் காட்டிச் சொல்லாதே என்று நேர் எதிராகப் பொருள் கண்டவர்களும் இருக்கிறார்கள். இலக்கணத்தை வைத்து இரண்டையும் தாங்கிப் பிடிக்கலாம். எனக்கு இரண்டாவதே சரியென்று படுகிறது. அதற்குக் கால்பந்து மைதானம் ஒரு சாட்சி. ஸ்ட்ரெச்சரும் ஒரு பல்லக்குதானே. அதில் படுத்துப் போகிறவன் பாக்கியசாலியா? தூக்கிக்கொண்டு ஓடும் நான்கு பேர் பாவம் செய்தவர்களா? பார்த்த மாத்திரத்தில் வினையைப் படித்துவிடலாம் என்ற நம்பிக்கை, பல்லக்கை ஸ்ட்ரெச்சராக மாற்றியதும் தலைகுப்புற விழுகிறது.

இந்த இடத்தில் வெளிநாட்டு கோல்கீப்பர் ஒருவரை அழைக்க வேண்டியிருக்கிறது. அல்ஜியர்ஸ் நகரில் ரேசிங் யுனிவர்சிடேர் அணியின் இளையோர் பிரிவில் கோல் காத்துக்கொண்டிருந்த ஒரு பையனுக்கு 1930-இல், 17 வயதில், காசநோய் வந்தது. ஆட்டம் அதோடு போயிற்று. பிற்பாடு எழுத்தாளராகி 1957-இல் நோபல் பரிசு பெற்ற ஆல்பெர் காம்யூதான் அந்தப் பையன். 1947-இல் வந்த அவருடைய ‘கொள்ளைநோய்’ நாவலில் பனலூ என்றொரு பாதிரியார் வருகிறார். ஊரில் பிளேக் பரவியதும் பிரசங்க மேடையேறி, இது உங்களுக்குத் தகும் என்ற தொனியில் முழங்குகிறார். பிறகு ஒரு சிறுவன் துடிதுடித்துச் சாவதைக் கட்டிலருகே நின்று பார்க்க நேர்கிறது. அடுத்த பிரசங்கத்தில் ஒரு மாற்றம்: ‘நீங்கள்’ என்று பேசியவர் இப்போது பிரெஞ்சு மொழியின் ‘நூ’ என்ற தன்மைப் பன்மைக்கு மாறிவிடுகிறார். அவருடைய இறையியல் பெரிதாக மாறவில்லை, மாறியது பிரதிப்பெயர். பிரெஞ்சில் அந்தப் பன்மைக்கு ஒரே சொல்தான். தமிழில் எழுதியிருந்தால் காம்யூ ‘நாங்கள்’ போடுவதா ‘நாம்’ போடுவதா என்று யோசித்திருக்க வேண்டும்; கேட்பவனையும் தன்னோடு சேர்த்துக்கொள்ளும் ‘நாம்’தான் அங்கே பொருந்தும். விதியைப் பற்றிப் பேச ஒரு மொழி போதாது, அதில் சரியான இடமும் தேவை. இலக்கணக்காரர்கள் தன்மை, முன்னிலை, படர்க்கை என்று அதற்கு இடம் என்றே பெயர் வைத்திருப்பது பொருத்தம்தான்.

இடம் தவறினால் என்ன கேடு? 2022 நவம்பரில் சென்னையில் நடந்தது அதற்கு விடை. வியாசர்பாடியைச் சேர்ந்த 17 வயது கால்பந்து வீராங்கனை பிரியா, ராணி மேரி கல்லூரி மாணவி. மூட்டு ஜவ்வு கிழிந்ததற்கு அரசு மருத்துவமனையில் நவம்பர் 7-ஆம் தேதி அறுவைச் சிகிச்சை நடந்தது. அதற்குப் பின் போடப்பட்ட அழுத்தக் கட்டு இறுகி, காலுக்கு ரத்த ஓட்டம் நின்றது. காலை எடுக்க வேண்டியதாயிற்று. நவம்பர் 15 அன்று அவர் இறந்தார். கவனக்குறைவு என்று அரசே ஒப்புக்கொண்டது. இரண்டு மருத்துவர்கள் பணியிடை நீக்கம் செய்யப்பட்டார்கள். குடும்பத்துக்குப் பத்து லட்சம் ரூபாய் நிவாரணம் அறிவிக்கப்பட்டது. இந்த வரிசையைத் திரும்பப் படியுங்கள். ஜவ்வு கிழிந்தது என்பதற்கும் உயிர் போனது என்பதற்கும் நடுவில் ஒரு கட்டு இருக்கிறது. எவ்வளவு இறுக்கம், எவ்வளவு நேரம், யார் வந்து விரலின் நிறத்தைப் பார்த்தது, வலிக்கிறது என்று சொன்னபோது யார் கேட்டது என்று எண்ணிச் சொல்லக்கூடிய கேள்விகள் அந்தக் கட்டுக்குள் இருக்கின்றன. ‘தலையெழுத்து’ என்ற ஒரு சொல் போதும், அத்தனை கேள்விகளையும் சுருட்டி எடுத்துப் போய்விடும். பெங்களூரில் 2004 டிசம்பர் 5 அன்று ஃபெடரேஷன் கோப்பை இறுதியாட்டத்தில், டெம்போ அணியின் பிரேசில் வீரர் கிறிஸ்தியானோ ஜூனியர் தன் இரண்டாவது கோலை அடித்த கணத்தில் கோல்கீப்பரோடு மோதி விழுந்து உயிரிழந்தபோதும், மைதானத்தில் மருத்துவ ஏற்பாடு எப்படி இருந்தது என்ற கேள்விதான் எழுந்தது, எழுந்திருக்க வேண்டியதும் அதுதான்.

விதி என்று விட்டுவிடாமல் இருந்ததால் விளைந்த நன்மைக்கும் சான்று இருக்கிறது. ஹாலந்தின் மார்கோ வான் பாஸ்டன் தன் கடைசிப் போட்டியை 1993 மே மாதம் ஐரோப்பியக் கோப்பை இறுதியில் ஆடியபோது அவருக்கு வயது 28. கணுக்கால் திரும்பச் சரியாகவே இல்லை, 1995-இல் ஓய்வு அறிவித்தார். அவரைப் போன்றவர்கள் பின்னாலிருந்து வாங்கிய உதைகளைப் பற்றிய பேச்சு பெருகி, 1994 உலகக் கோப்பையில் பின்புறமிருந்து காலைத் தட்டிவிடுவதைக் கடுமையாகத் தண்டிக்கும்படி நடுவர்களுக்கு உத்தரவானது. அதைவிட எனக்குப் பிடித்த சான்று நார்வேயிலிருந்து வருவது. 13 முதல் 17 வயதுக்குட்பட்ட 1,892 கால்பந்துச் சிறுமிகளைக் கொண்டு நடந்த ஆய்வு, 2008-இல் வெளியானது. கிளப்புகளைக் குலுக்கல் முறையில் இரண்டாகப் பிரித்தார்கள். ஒரு பாதிக்கு ஆட்டத்துக்கு முன் 20 நிமிடப் பயிற்சி: மெதுவோட்டம், ஒற்றைக்காலில் நிற்பது, குதித்து முட்டி உள்ளே சாயாமல் இறங்குவது, இந்த மாதிரி. மறுபாதி வழக்கம்போல ஆடியது. பயிற்சி செய்தவர்களுக்குக் கடுமையான காயங்கள் ஏறத்தாழ பாதியாகக் குறைந்தன. முட்டி உடைவது முழுக்க முன்வினை என்றால், புண்ணியம் செய்த சிறுமிகளாகப் பார்த்துக் குலுக்கல் ஒரு பக்கம் தள்ளியது என்று சொல்ல வேண்டிவரும். அப்படிச் சொல்லவும் ஆள் இருப்பார்கள். ஆனால் எது நடந்தாலும் பொருந்திவிடுகிற விளக்கத்தை வைத்துக்கொண்டு, நாளைக் காலை பிள்ளைகளை எப்படித் தயார்செய்து இறக்குவது என்று முடிவெடுக்க முடியாது. ஒற்றைக்காலில் நிற்கச் சொல்வதற்குப் பணம்கூடத் தேவையில்லை. சரளை கலந்த செம்மண் தரையில் வெறுங்காலோடு ஆடும் நம் பக்கத்துப் பள்ளிகளுக்கு இது பொருந்தாதா என்ன?

இதற்கு வலுவான மறுப்பு ஒன்று உண்டு. வினை காற்றிலிருந்து குதிப்பதில்லை, மனிதர்கள் வழியாகத்தான் வரும். அந்த மருத்துவரின் கையும் அந்த எதிரணிக்காரனின் காலும் வெறும் கருவிகள். எய்தவன் இருக்க அம்பை நோவானேன் என்பார்கள். தத்துவம் அறிந்தவர்களே சொல்லும் வாதம் என்பதால் தள்ளிவிட முடியாது. ஆனால் இவர்களே ஏற்கும் கணக்கில் ஆகாமியம் என்றொரு பத்தி இருக்கிறது. அம்பும் ஓர் உயிர் என்றால் அது தனக்கென்று புதுவினை ஏற்றிக்கொண்டுதான் பறக்கிறது. பட்டவனின் பிராரத்தம், செய்தவனின் ஆகாமியத்தைத் தள்ளுபடி செய்வதாக எந்தச் சித்தாந்த நூலும் சொல்லவில்லை. இதைச் சூத்திரமாகச் சொல்வதைவிடக் கதையாகப் பார்ப்பது எளிது. ஊழ்வினை விடாது என்பதைத் தன் மூன்று நோக்கங்களில் ஒன்றாகவே அறிவித்துக்கொண்டு தொடங்கும் காப்பியம் சிலப்பதிகாரம். கோவலன் வெட்டுப்பட்டான். முற்பிறப்பில் அவன் பரதன் என்ற பெயரில், சங்கமன் என்ற வணிகனை ஒற்றன் என்று காட்டிக்கொடுத்துக் கொல்வித்த பாவம்தான் காரணம் என்று காப்பியமே சொல்கிறது. ஆனால் எப்போது, யார் வாயால்? பாண்டியன் அவையில் சிலம்பு உடைந்து, மன்னன் தன் பிழையை ஏற்று உயிர்விட்டு, ஊர் எரிந்த பிறகு, மதுராபதித் தெய்வம் கண்ணகிக்குச் சொல்கிறது. அதற்கு முன், அரசவையில், அந்தக் காரணத்தை யாரும் பேசவில்லை. ‘உன் கணவனின் ஊழ் அம்மா, நான் வெறும் கருவி’ என்று நெடுஞ்செழியன் சொல்லியிருந்தால் இளங்கோவின் கோட்பாட்டுக்கு அது பொருந்தியே இருக்கும். காப்பியம்தான் மிஞ்சியிருக்காது.

இரண்டாவது மறுப்பு மனதைத் தொடுவது. எல்லாவற்றையும் காரணம், பொறுப்பு, விசாரணை என்று பிரித்துப் போட்டால், பட்டவனுக்கு என்ன மிச்சம்? அன்று மழை பெய்து ஆட்டம் ரத்தாகியிருந்தால், பயிற்சியாளர் இன்னும் ஒரு வாரம் உட்கார வைத்திருந்தால், அந்தப் பந்துக்கு நான் திரும்பாமல் இருந்திருந்தால் என்று ராத்திரி முழுக்க அறுத்துக்கொண்டிருக்கும் மனத்துக்கு ‘விதி’ ஒரு தாழ்ப்பாள். அதைப் பிடுங்குவது கொடுமை அல்லவா? கொடுமைதான், ஒப்புக்கொள்கிறேன். ஊழ் என்ற கருத்து நம்மிடையே இத்தனை நூற்றாண்டு நிலைத்திருப்பதற்கு அது உண்மை என்பதைவிட இந்தத் தாழ்ப்பாள்தான் காரணமாக இருக்க வேண்டும். ஆனால் அது உள்பக்கத்துத் தாழ்ப்பாள். உள்ளே இருப்பவன் போட்டுக்கொண்டால் தூக்கம் வரும். வெளியிலிருந்து ஒருவர் போட்டால் அதற்குப் பெயர் பூட்டு. பட்டவன் ‘என் விதி’ என்னும்போது கூட இருப்பவர் தலையாட்டினால் போதும், அந்த நேரத்தில் புள்ளிவிவரத்தை எடுத்து நீட்டுகிறவன் மூடன். கிளப் நிர்வாகியோ பயிற்சியாளரோ மருத்துவமனையோ காப்பீட்டுக்காரரோ அதே சொல்லைச் சொன்னால் அங்கே தலையாட்டக் கூடாது.

இதற்குச் சிரித்த முகத்தோடு இன்னொரு வடிவமும் இருக்கிறது, ‘எல்லாம் நன்மைக்கே’. ஜெஜேவைப் பாருங்கள் என்பார்கள். 2023-இல் மிசோரம் தேர்தலில் சோரம் மக்கள் இயக்கத்தின் சார்பில் தெற்கு துயிப்புய் தொகுதியில் வென்று எம்.எல்.ஏ. ஆனார். இங்கிலாந்தின் பிரையன் கிளஃபைப் பாருங்கள்: 274 லீக் ஆட்டங்களில் 251 கோல் அடித்தவர், 1962 டிசம்பர் 26 அன்று முழங்கால் போயிற்று, பிறகு பயிற்சியாளராகி நாட்டிங்ஹாம் ஃபாரஸ்ட் அணிக்கு இரண்டு முறை ஐரோப்பியக் கோப்பை வாங்கித் தந்தார். காம்யூவுக்கு நுரையீரல் போனது இலக்கியத்துக்கு லாபம். இந்த வரிசையில் ஒரு தந்திரம் ஒளிந்திருக்கிறது. பெயர் தெரிந்தவர்கள் மட்டுமே இதில் நிற்கிறார்கள். முட்டி போன பிறகு தக்காளி மண்டியில் பெட்டி ஏற்றும் வேலைக்குப் போனவனையோ, பத்தாம் வகுப்போடு நின்ற படிப்பைத் தொடர முடியாமல் மில்லில் சேர்ந்தவனையோ யாரும் உதாரணமாகக் காட்டுவதில்லை. அவர்கள் வாழ்க்கை தாழ்ந்தது என்று சொல்லவில்லை. அதை ‘நன்மை’ என்று எழுதிக்கொடுக்க நமக்கு யார் அதிகாரம் கொடுத்தது? அப்புறம், தொகுதி வென்றதால் ஜெஜேவின் முழங்கால் நல்ல காரியமாக ஆகிவிடாது. ஒருவர் இழப்புக்குப் பிறகு எதையாவது கட்டினால் அந்தப் பெருமை கட்டியவருக்குப் போகட்டும், இழப்புக்குப் போக வேண்டாம்.

எல்லாக் கவனத்தையும் கூட்டிக் கழித்த பின்னும் ஒரு மிச்சம் இருக்கத்தான் செய்கிறது. பாம்போலிமில் நல்ல புல்தரை, வரம்புக்கோட்டுக்குப் பக்கத்திலேயே மருத்துவக் குழு, தொழில்முறை உடற்பயிற்சியாளர்கள். இருந்தும் சூசைராஜுக்கு 14-வது நிமிடம். அன்று அந்தத் தரையில் மற்றவர்களும் அதே வேகத்தில்தான் திரும்பினார்கள், அவர்களுடைய நார் தாங்கியது. அவர்கள் என்ன புண்ணியம் செய்தார்கள்? கேள்வியை இந்தப் பக்கம் திருப்பினால் யாருக்கும் பதில் தெரிவதில்லை, தெரியாதது கூச்சத்தையும் தருகிறது. பத்து ஆண்டு காயமில்லாமல் ஆடி ஓய்வு பெறுகிறவர் உழைப்பு, ஒழுக்கம் என்று பேட்டி கொடுப்பார். மூன்று சென்டிமீட்டர் நாரைப் பற்றி ஒரு வார்த்தை வராது. அந்த மிச்சத்துக்கு ஊழ் என்று பெயர் வைத்தாலும் சரி, தற்செயல் என்று வைத்தாலும் சரி, எனக்குத் தகராறு இல்லை. நான் தகராறு செய்வது கழித்தல் போடுவதற்கு முன்பே விடையை எழுதிவைப்பதோடுதான். வியாசர்பாடியில் பிரியாவின் வீட்டுக்குள் யாராவது அழுதுகொண்டே ‘எங்க விதி’ என்று சொல்லியிருந்தால் அதை மறுக்க ஒருவருக்கும் வாய் கிடையாது. விசாரணை அறிக்கையின் முதல் பக்கத்தில் அதே சொல் இருந்திருந்தால், அந்தக் கட்டு எத்தனை மணி நேரம் இறுகிக் கிடந்தது என்று கேட்க ஒருவரும் இருந்திருக்க மாட்டார்கள்.